ஒரு ரூபா கூட ஏத்தல

அந்தக் கேட்டை இழுக்காதீங்க சார், வராது. லேசாத் தூக்கி, அப்புறம் தள்ளணும். ஆங், அப்படித்தான். நல்ல கனம். அரியர்ஸ் பணம் வந்த வருஷம் போட்டது. இந்த நகர்ல இப்படி ஒரு கேட்டு வேற வீட்டுல பாத்தீங்களா? கீல் மட்டும் கொஞ்சம் இறங்கிருச்சு, மத்தபடி ஒண்ணும் சொல்ல முடியாது.

வாங்க, உக்காருங்க. ஃபேனுக்குக் கீழ உக்காருங்க. பேங்க்லேருந்துதானே? வீட்டைப் பாத்துட்டு, பையன்கிட்ட கையெழுத்து வாங்கிட்டுப் போக ஒருத்தர் வருவாருன்னு போன்ல சொன்னாங்க. ஒரே ஒரு வேண்டுகோள் சார். இந்த பேங்க், லோன், அந்த வார்த்தையை மட்டும் கொஞ்சம் மெதுவாச் சொல்லுங்க. காம்பவுண்டுக்கு அந்தப் பக்கம் ஜெயசீலன் வாத்தியாரு செடிக்குத் தண்ணி ஊத்திக்கிட்டிருப்பாரு. அவருக்குக் காது ரொம்பக் கூர்மை. ஏன் மெதுவாச் சொல்லணுங்கறதுக்குக் காரணம் இருக்கு, சொல்றேன்.

பையன் வந்துக்கிட்டே இருக்கான். நிர்மல்னு பேரு. ஓசூர்ல ஒரு கம்பெனியில ஏ.சி. மெக்கானிக். காலையிலயே பஸ் ஏறியிருப்பான், இப்ப வந்துருவான். வந்ததும் போட்டுருவான் சார், அவன் என் பேச்சை மீறுனதே கிடையாது. போன் எடுக்கல. பஸ்ல சத்தம் இருக்குமில்ல? எனக்குத் தெரியாதா பஸ்ல சத்தம் இருக்கும்னு. முப்பது வருஷம் கண்டக்டர் சார் நானு. தஞ்சாவூர் பட்டுக்கோட்டை ரூட்டு. பேரு கலியபெருமாள்னு உங்க ஃபாரத்துல இருக்கும். ஆனா டெப்போவுல போயி கலியபெருமாள்னு கேட்டா யாருக்கும் தெரியாது, ‘செக்கிங்’னு கேளுங்க, உடனே சொல்வாங்க. செக்கிங் இன்ஸ்பெக்டரே ஏற வேண்டாம், நான் இருந்தா போதும்னு பேரு. ஒரத்தநாட்டுல ஏறுவான், பாப்பாநாட்டுக்கு டிக்கெட் எடுப்பான், எடுத்துட்டு பட்டுக்கோட்டை வரைக்கும் தூங்கற மாதிரி நடிப்பான். விடுவேனா? பாப்பாநாடு தாண்டுன உடனே தோளைத் தட்டி எழுப்பிருவேன். எடுத்த டிக்கெட்டுக்கு மேல ஒருத்தனையும் ஒரு ஸ்டேஜ் கூடப் போக விட்டதில்லை.

உள்ள டக டகன்னு சத்தம் கேக்குதா? என் வீட்டுக்காரம்மா, வளர்மதி. பிளவுஸ் தைக்கறா. சும்மா உக்காந்திருக்கப் பிடிக்காது அவளுக்கு. பொழுதுபோக்குதான். வளரு! சார் வந்துட்டாரு, காபி போடு!

வர்ற சித்திரையோட ரிட்டயர்டு ஆறேன். ரிட்டயர்டு ஆனா சம்பளத்துல பிடிக்கறது நின்னுரும். பென்ஷன்ல அந்தத் தவணையைக் கட்ட முடியாது, சம்பளம் வாங்கற பையன் இருந்தா அவனையும் லோன்ல சேத்து கையெழுத்துப் போடச் சொல்லுங்கன்னு உங்க மேனேஜரு சொன்னாரு. இதுல என்ன சார் இருக்கு? அவனுக்குத்தானே வீடு? அவன் போடாம வேற யாரு போடுவா?

இல்ல சார், நான் ஒரு நாள் தவணை தப்புனதில்லை. அதை எழுதிக்கங்க. எழுத இடமில்லையா? பரவால்ல, மனசுல வச்சுக்கங்க. உங்க பேங்கு மேலயும் எனக்கு ஒரு குறையும் கிடையாது. ஏன் தெரியுமா? இந்த இருபது வருஷத்துல அரிசி ஏறிருச்சு, கேஸ் ஏறிருச்சு, டிக்கெட்டே எத்தனை தடவை ஏத்திட்டாங்க, ஜனங்க என்னைத்தான் திட்டுவாங்க. என் தவணை மட்டும் முதல் மாசம் எவ்வளவோ இன்னைக்கும் அவ்வளவுதான். ஒரு ரூபா கூட ஏத்தல சார். ஒரு ரூபா கூட.

வாத்தியாரு வேற பேங்க்ல வாங்கினாரு, என்கூடதான், அதே தை மாசம். நடுவுல வட்டி ஏறுச்சு பாருங்க, அவருக்கு மாசத் தவணையை ஏத்திப்புட்டாங்க. மனுஷனுக்கு முழி பிதுங்கிப் போச்சு. டியூஷன் எடுத்தாரு, ஸ்கூட்டரை வித்துட்டு சைக்கிள்ல போனாரு. சாயங்காலம் இந்தச் சுவரைப் பிடிச்சுக்கிட்டு நின்னு புலம்புவாரு. நான் சொல்வேன், ‘வாத்தியாரே, பேங்க் பாத்து வாங்கணும். நம்ம பேங்க்ல ஒரு ரூபா கூட ஏத்தல’. அவரு என்னையே பாப்பாரு. ‘அது எப்படிங்க முடியும், எதுக்கும் போயி ஒரு தடவை கேளுங்க’ம்பாரு. வயித்தெரிச்சல்! நல்லது நடக்கற இடத்துல போயி எவனாவது ஏன் நல்லது நடக்குதுன்னு கேப்பானா சார்? வாத்தியாரு அப்புறம் முடிச்சுட்டாரு. போன வருஷத்துக்கு முந்துன வருஷமே முடிச்சுட்டாரு. அது வேற விஷயம்.

எனக்கும் போன தை மாசத்தோட முடியணும். இருபது வருஷம். நான் என்ன பண்ணினேன், தை பிறந்ததும் ஒரு நல்ல நாள் பாத்தேன். வீட்டுப் பத்திரம் இருபது வருஷமா பேங்க் பெட்டியில கிடக்குதில்ல? அதைச் சும்மா பையில போட்டு எடுத்துட்டு வர்றதா? பொண்ணை மறுவீட்டுக்கு அழைக்கிற மாதிரி அழைச்சுட்டு வரணும்னு நெனச்சேன். வளர்மதி பட்டுப் புடவை கட்டிக்கிட்டா. தட்டுல வெத்தலை பாக்கு, பழம், பூ, அந்தப் பக்கம் ஒரு பெரிய டப்பா லட்டு, பேங்க் ஸ்டாஃப்புக்கு. பத்திரத்தைச் சுத்திக் கொண்டுவர ஒரு பட்டுத் துணி. ஆட்டோ வச்சுக்கிட்டுப் போனோம் சார், டவுன்பஸ்ல போகல. தெரு மொத்தமும் வாசல்ல நின்னு பாத்துச்சு. பத்திரம் வருது, சாயங்காலம் எல்லாரும் பாயசம் குடிக்க வந்துருங்கன்னு சொல்லிட்டுத்தான் ஏறுனேன்.

பேங்க்ல ஒரு சின்னப் பொண்ணு. மூக்குத்தி போட்டுக்கிட்டு. தட்டைப் பாத்து, யாருக்கு சார் கல்யாணம்னு கேட்டுச்சு. பத்திரம் வாங்க வந்திருக்கோம்மான்னேன். நம்பரைத் தட்டுச்சு. மறுபடியும் தட்டுச்சு. அப்புறம் அந்தக் கம்ப்யூட்டரை என் பக்கமாத் திருப்பி, ‘சார், உங்களுக்கு இன்னும் எட்டு வருஷம் இருக்கு’ன்னுச்சு.

நான் சிரிச்சுட்டேன். பாப்பா, வேற யாரோ கலியபெருமாளைப் பாக்கறே, நல்லாப் பாருன்னேன். என் ரூட்டுல மட்டும் நாலு கலியபெருமாள் இருக்கான். அதுக்கப்புறம் அந்தப் பொண்ணு பொறுமையாத்தான் சொல்லுச்சு, திட்டக் கூடாது. வட்டி ஏறுறப்ப ரெண்டு வழியாம். ஒண்ணு தவணையை ஏத்தறது, இல்லேன்னா கட்டுற மாசத்தோட எண்ணிக்கையை ஏத்தறது. எனக்குத் தவணையை ஏத்தலையாம், மாசத்தை ஏத்திட்டாங்களாம். நான் கட்டுன பணம் பல வருஷம் வட்டிக்கே போயிருச்சாம், அசல் அசையவே இல்லையாம். எஸ்எம்எஸ் அனுப்பினாங்களாம். எஸ்எம்எஸ் யாரு சார் படிக்கறா? அது வந்தா சிலிண்டர்காரன், இல்லேன்னா லாட்டரி.

என் மனசு எப்படி இருந்துச்சுன்னு சொன்னா நம்ப மாட்டீங்க. பட்டுக்கோட்டைக்கு டிக்கெட் எடுத்து, ஊரு வந்தாச்சுன்னு மூட்டையைத் தூக்கிக்கிட்டு படிக்கிட்ட வந்து நிக்கறேன், வண்டி நிக்காமப் போகுது. இறங்கவும் முடியல, போயி உக்காரவும் முடியல.

அந்த நேரம் பாத்து இவ கேக்கறா அந்தப் பொண்ணுகிட்ட. ‘இதுவரைக்கும் மொத்தமா எவ்வளவு கட்டியிருக்கோம், இனிமே எவ்வளவு கட்டணும், ரெண்டையும் சேத்துச் சொல்லும்மா’ன்னு. எனக்கு வந்துச்சு பாருங்க கோவம். பேங்க்ல பத்து பேர் நிக்கறான், பட்டுப் புடவையைக் கட்டிக்கிட்டு அங்க வந்து கணக்குக் கேக்கறா. வாயை மூடிக்கிட்டு வான்னு கூட்டிட்டு வந்துட்டேன். லட்டு டப்பாவை அந்தப் பொண்ணு மேசையிலயே வச்சுட்டு வந்தா. கொடுத்துட்டு வந்தாளா, மறந்துட்டு வந்தாளான்னு தெரியாது. நான் கேக்கல.

வெளிய ஆட்டோ நிக்குது. வீட்டுல தெரு மொத்தமும் நிக்கப் போகுது. என்ன பண்றது? வர்ற வழியில ஜெராக்ஸ் கடையில நிறுத்தி ஒரு ஃபைல் வாங்கினேன். வெறும் ஃபைலு. உள்ள நாலு வெள்ளைத் தாள் வச்சு, பட்டுத் துணியைச் சுத்தி, மஞ்சள் குங்குமம் வச்சு, தட்டுல தூக்கிக்கிட்டு இறங்குனேன். பொம்பளைங்க குலவை போட்டாங்க சார். வாத்தியாரு வந்து கையைப் பிடிச்சுக்கிட்டாரு, அவருக்குக் கண்ணு கலங்கிருச்சு. அதோ பாருங்க, பூஜை ரூம்ல, முருகன் படத்துக்குக் கீழ. அதுதான். வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை பூ வைக்கறேன். வச்சுத்தானே ஆகணும்? வாத்தியாரு வீட்டம்மா வந்தா எட்டிப் பாக்கும். அதனாலதான் மெதுவாப் பேசச் சொன்னேன். தெருவைப் பொறுத்தவரைக்கும் என் லோனு முடிஞ்சு போச்சு சார்.

இருங்க, இன்னொரு தடவை அடிச்சுப் பாக்கறேன். ம். ரிங் போகுது. எடுக்கல. திருச்சி வந்திருக்கும் வண்டி.

இல்ல சார், ரிட்டயர்மென்ட் பணம் வரும். ஏன் வராது? நீங்க கேக்கற மாதிரிதான் இவளும் கேட்டா. அந்தப் பணத்தை அப்படியே லோன்ல கட்டி ஒரே அடியா முடிச்சுட்டா என்னன்னு. அப்பவும் இவகிட்ட சொன்னேன், உங்ககிட்டயும் சொல்றேன். வாங்க, இந்த ஜன்னல் வழியாப் பாருங்க. மேல, மொட்டை மாடி ஓரத்துல. கம்பி தெரியுதா? எட்டுத் தூணுலயும் கம்பியை வெட்டாம விட்டு வச்சிருக்கேன். வீடு கட்டுறப்பவே மேஸ்திரிகிட்ட சொல்லிட்டேன், என் பையனுக்குக் கல்யாணம் ஆகும், அவன் குடும்பம் மேல இருக்கும், கம்பியை விட்டு வைய்யான்னு. துருப்பிடிச்சிருக்கு, ஒத்துக்கறேன். சுரண்டி பெயின்ட் அடிச்சா போதும். ரிட்டயர்மென்ட் பணம் அதுக்கு சார். அந்தப் பணத்துல மாடி, கீழ லோனுக்குப் பையன் கையெழுத்து. பையனுக்கு வீடு, பையனுக்கு மாடி. எனக்கா கேக்கறேன்? நான் என்ன மேல போயி படுத்துக்கப் போறேனா?

இவளுக்குப் புரிய மாட்டேங்குது. அரியர்ஸ் வந்தப்பவும் இப்படித்தான், லோன்ல கொஞ்சம் கட்டிருவோம்னா. நான் வாசலுக்கு இந்தக் கேட்டைப் போட்டேன். பி.எஃப். லோன் எடுத்தப்பவும் அதையேதான் சொன்னா. நான் காம்பவுண்டு எழுப்பினேன், பூஜை ரூமுக்கு மார்பிள் போட்டேன். தவணைதான் ஏறவே இல்லையே, எதுக்கு அவசரப்பட்டுக் கட்டணும்? நீங்களே சொல்லுங்க. நீங்க பேங்க்காரரு, சொல்ல மாட்டீங்க.

நிர்மல் தங்கமான பையன். உங்ககிட்ட சொல்றதுக்கென்ன. சின்ன வயசுல பள்ளிக்கூடத்துல ஊட்டி டூர் போனாங்க. கேட்டான். டேய், தவணை கட்டணும்டா, உனக்குத்தாண்டா இந்த வீடுன்னேன். சரிப்பான்னு போயிட்டான். ப்ளஸ் டூவுல நல்ல மார்க்கு. இன்ஜினியரிங் காலேஜ்ல இடம் கிடைச்சுது, ஃபீஸ் அதிகம். உனக்குத்தாண்டா இந்த வீடுன்னேன். ஐ.டி.ஐ.யில சேந்துட்டான். ஒரு வார்த்தை எதுத்துப் பேசல சார்! இந்தக் காலத்துல இப்படி ஒரு பிள்ளையைப் பாக்க முடியுமா? இப்ப கூட பாருங்க, பொங்கலுக்குத் தவறாம வருவான். பேக்கை ஹால்லயே வச்சுருவான், பிரிக்கக் கூட மாட்டான். மாட்டுப் பொங்கலன்னைக்கு மத்தியானம் கிளம்பிருவான். வேலை அப்படி.

ஓசூர்ல சொந்தமா ஒரு ஏ.சி. சர்வீஸ் கடை போடணுங்கறான். கூட்டாளி ஒருத்தன் இருக்கானாம், அதுக்கு லோன் கேட்டிருக்கானாம். இங்க கையெழுத்துப் போட்டா அங்க லோன் கிடைக்காதாம், இவதான் சொன்னா. என்கிட்ட அவன் சொல்லல. ஏன் சொல்லல? அவனுக்கே அதுல பெரிய இஷ்டம் இல்லைன்னுதானே அர்த்தம்? கடை இன்னைக்கு இருக்கும் நாளைக்குப் போகும், வீடு போகுமா? எட்டு வருஷம் சார். எட்டு வருஷம் பல்லைக் கடிச்சுக்கிட்டா முடிஞ்சு போச்சு. நான் இருபது வருஷம் கடிச்சேன், எனக்கென்ன ஆயிருச்சு?

என்ன, மிஷின் சத்தம் நின்னுருச்சு. காபி வருது உங்களுக்கு.

வா வளரு. சார்கிட்ட குடு. இவருதான் நம்ம... மெதுவா, மெதுவா. உக்காரு, ஏன் நிக்கறே? இடுப்பைப் பிடிச்சுக்கிட்டு நிக்காத, சார் என்ன நெனப்பாரு. நிர்மலுக்கு ரெண்டு தடவை அடிச்சேன், எடுக்கல. திருச்சி தாண்டியிருப்பான்ல?

என்ன?

ஓசூர்ல இருக்கானா? இன்னும் ஓசூர்லயா இருக்கான்? லீவு கிடைக்கலையா?

வேண்டாம்னா... யாரு வரவேண்டாம்னு சொன்னது?

சார், கேட்டீங்களா? நான்தான் வரவேண்டாம்னு சொன்னேங்கறா. டிக்கெட் எடுத்து வச்சிருந்தானாம், இவதான் கேன்சல் பண்ணச் சொன்னாளாம். சார் முன்னாடி சொல்றா பாருங்க. ஏன்டி? பேங்க்லேருந்து ஆளு வந்து உக்காந்திருக்காரு, இவரு வேலையத்தவரா? அவன் போடறேன்னு என்கிட்ட சொன்னான்டி, போன்ல, சரிப்பான்னு சொன்னான்.

‘அவன் எல்லாத்துக்கும் சரிப்பான்னுதான் சொல்வான், அதனாலதான் நான் சொன்னேன்’ங்கறா.

ரிட்டயர்மென்ட் பணத்தை லோன்ல கட்டணுமாம். மாடி வேண்டாமாம். எல்லாம் முடிவு பண்ணிட்டியா? மாடி கட்டலேன்னா அவன் எங்கடி இருப்பான்? பொண்டாட்டி பிள்ளையோட வந்தா ஹால்ல படுப்பானா?

என்ன கேக்கறே?

சார், என்ன கேக்கறா பாருங்க. வந்து இருக்கறேன்னு அவன் எப்ப சொன்னான்னு கேக்கறா. இது ஒரு கேள்வியா? அவன் சொன்னான். சொல்லாமயா? போன பொங்கலுக்கு... இல்ல, அதுக்கு முன்னாடி ஒரு தடவை, வீடு கட்டிக்கிட்டிருக்கறப்ப, நானும் அவனும் மேல நின்னோம். சின்னப் பையன். கம்பியைப் பிடிச்சுக்கிட்டு நின்னான். நான் சொன்னேன், இங்கதாண்டா உன் ரூமுன்னு. அவன்... அவன் என்ன சொன்னான்? என்னமோ சொன்னான் சார். சரிப்பான்னான்.

நீங்க காபி குடிங்க. ஆறிரும்.

நானே கேட்டுடறேன். இவ பேச்சை நம்பறதுக்குப் பதிலா நானே கேட்டுடலாமில்ல? எடுக்க மாட்டான். உன் போனைக் குடு. உன் போன்லேருந்து அடிக்கறேன், நம்பர் போட்டுக் குடு. ம்... எடுத்துட்டான். அப்பாடா. அவங்க அம்மா அடிச்சா மட்டும் எடுக்கறான் பாருங்க.

டேய், அப்பா பேசறேன்டா. ஒண்ணுமில்ல. கையெழுத்து விஷயம் இல்லடா, பயப்படாத. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். உங்க அம்மா ஏதேதோ சொல்றா. நீ என்னைக்காவது... இங்க வந்து, இந்த வீட்டுல, எங்ககூட இருக்கப்போறியாடா? இல்ல, இப்ப இல்ல. எப்பவாவது. சும்மா மனசுல உள்ளதைச் சொல்லு. சரிப்பான்னு மட்டும் சொல்லாத.

ஹலோ? லைன்ல இருக்கியா?

ம்.

ம். சரி. குடுக்கறேன்.

இந்தா, பிடி. அம்மாகிட்ட குடுங்கங்கறான். உள்ள போயி பேசு.

உள்ள போயிட்டா சார். கதவைச் சாத்திக்கிட்டா.

அந்த ஃபாரத்தை மடிச்சு வச்சுருங்க. கையெழுத்து இன்னைக்கு இல்ல. நாளைக்கும் இல்லைன்னு வச்சுக்கங்க. நான் பாட்டுக்குப் பேசிக்கிட்டே இருந்தேன், உங்களுக்கு வேற வீடு பாக்க வேண்டியிருக்கும்.

இருங்க, இருங்க. எந்திரிக்காதீங்க. அன்னைக்கு இவ பேங்க்ல ஒரு கணக்கு கேட்டாளே, ரெண்டையும் சேத்து மொத்தம் எவ்வளவுன்னு. அது உங்ககிட்ட இருக்குமா? உங்க கையில இருக்கற ஃபைல்லயே இருக்கா?

எடுங்க சார். படிங்க.

மெதுவா வேண்டாம். சத்தமாவே படிங்க. கதவுக்கு அந்தப் பக்கம் அவளுக்குக் கேக்கணும். வாத்தியாருக்குக் கேட்டாலும் கேக்கட்டும்.